சகாயம் கேட்ட கேக்

சிவப்பும் வெள்ளையுமாகக் கோடு போட்ட பெப்பர்மிண்ட் மிட்டாய்களைப் பிளாஸ்டிக் கவரில் கொட்டி, வாயை முடிந்து, சப்பாத்திக் கட்டையால் ஜோஸ்லின் நொறுக்கிக்கொண்டிருந்தபோது முன்னறையில் கட்டில் கம்பி ஒலித்தது. அப்பா மோதிரத்தால் தட்டுகிறார். பேச்சு குழறத் தொடங்கிய பிறகு ஆட்களைக் கூப்பிட அவர் கண்டுபிடித்துக்கொண்ட வழி அது.

"வாரேங்கப்பா."

தட்டல் நிற்கவில்லை. அவள் கையைத் துடைத்துக்கொண்டு போனாள்.

சகாயம் தலையணைகளில் சாய்ந்து, பாதி உட்கார்ந்த நிலையில் இருந்தார். மூக்குக்குள் போன குழாயைக் கன்னத்தில் பிளாஸ்திரி போட்டு ஒட்டியிருந்தார்கள். அக்டோபரில் பக்கவாதம் வந்து வலது பக்கம் விழுந்துவிட்டது. கால் கொஞ்சம் அசையத் தொடங்கியிருந்தது. விழுங்குவதுதான் திரும்பவில்லை. வாயில் போடுவது வயிற்றுக்குப் போகாமல் நுரையீரலுக்குள் இறங்கிவிடும், ஒரு வாய்த் தண்ணீர்கூடக் கொடுக்க வேண்டாம் என்று ஆஸ்பத்திரியில் படித்துப் படித்துச் சொல்லி அனுப்பியிருந்தார்கள். பெங்களூரில் இருக்கும் அண்ணன் ஜோஸ் தினமும் போனில் முதலில் கேட்பதே அதைத்தான். "வாய்ல ஒண்ணும் வெக்கலியே?"

"என்ன வாசம்?" என்றார் சகாயம். வீட்டு ஆட்களுக்குத்தான் அது வார்த்தையாகக் கேட்கும்.

"பெப்பர்மிண்டுங்கப்பா. க்ரீம்ல கலந்திருக்கேன். இந்த வருசம் ப்ளம் கேக் இல்லீங்க, பெப்பர்மிண்ட் கேக். உங்களுக்குப் பிடிக்குமேன்னுதான்."

அவர் இடது கையைத் தூக்கிக் குழாயைத் தொட்டுக் காட்டினார். "இதுல ஊத்துவியா?"

அவள் சிரித்துவிட்டாள். அவரும் ஒரு பக்க உதட்டால் சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

சகாயம் பீளமேட்டில் ஒரு நூற்பாலையில் ஃபிட்டராக இருந்தவர். பஞ்சு பறக்கிற இடத்தில் பீடி குடிக்க முடியாது என்பதால் நடுவில் ஓட்டை போட்ட வெள்ளை பெப்பர்மிண்ட் எப்போதும் சட்டைப் பையில் இருக்கும். மில்லை மூடிய பிறகு பம்புசெட் ரிப்பேருக்குப் போனார். பீடியை விட்டார், பெப்பர்மிண்ட்டை விடவில்லை. ஷிப்ட் முடிந்து வருகிறவரின் மேல் எண்ணெய் நாற்றமும் அந்தக் குளிர்ந்த வாசமும் சேர்ந்தே வரும். டிசம்பரானால் லீவு நாட்களில் யூடியூப் பார்த்து விதவிதமாகக் கேக் செய்யும் ஜோஸ்லின், பெப்பர்மிண்ட் கேக்கைப் பார்த்ததும் இதுதான் என்று முடிவு செய்ததற்கு அதுவே காரணம். வாசனையையாவது அவர் பிடிக்கட்டும் என்று நினைத்தாள். வாசனை மட்டும் போதாது என்பது அவளுக்கு ஏன் தோன்றாமல் போனது?

"கொஞ்சம்," என்றார் சகாயம்.

"வேண்டாங்கப்பா. ஜனவரில டெஸ்ட் எடுத்துட்டு டாக்டரே சொல்லுவாங்க."

"கொஞ்சம் கண்ணு."

அம்மா ஞானாபரணம் மருந்துக்கடைக்குப் போயிருந்தாள். ஜோஸ்லின் சமையலறைக்குத் திரும்பி வந்து நின்றாள். இரண்டு சாக்லேட் கேக் அடுக்குகளும் ஜன்னலோரம் ஆறிக்கொண்டிருந்தன. கிண்ணத்தில் வெண்ணெய்க் க்ரீம் வெள்ளையாக, சுழி சுழியாக இருந்தது. கம்பி மறுபடி ஒலித்தது. கோபமாக அல்ல, மெதுவாக, விட்டு விட்டு.

தேக்கரண்டி நுனியில் க்ரீமை எடுத்தாள். நாக்கில் வைத்தால் தானே கரைந்துவிடப் போகிறது, விழுங்க என்ன இருக்கிறது என்று தனக்குள் சொல்லிக்கொண்டாள்.

நாக்கில் பட்டதும் சகாயம் கண்ணை மூடிக்கொண்டார். தாடை அசைந்தது. கழுத்தில் குரல்வளை ஏறி இறங்கியது. உடனே இருமல் வந்தது. முகம் சிவந்து, கண்ணில் நீர் முட்டியது. அவள் பயந்துபோய் முதுகைத் தடவினாள். இருமல் அடங்கியதும் அவர் கண்ணைத் திறந்தார். அந்த முகத்தை அவள் அக்டோபருக்குப் பிறகு பார்த்திருக்கவில்லை.

"இன்னும்," என்றார்.

அவள் இன்னும் கொஞ்சம் கொடுத்தாள்.

கேட் திறக்கும் சத்தம் கேட்டது. துப்பட்டா முனையால் அவர் மீசையைத் துடைத்துவிட்டுக் கரண்டியைக் கையில் மறைத்துக்கொண்டு உள்ளே போனாள்.

மத்தியானம் அவளுக்கு லேப்டாப்பில் ஆபீஸ் மீட்டிங். கேக்கையும் க்ரீமையும் ஃப்ரிட்ஜில் வைத்துவிட்டு உள்ளறையில் கதவைச் சாத்தி, காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தாள். மீட்டிங் இழுத்துக்கொண்டே போனது. கேக்கின் மேல் க்ரீம் பூசலாம் என்று சாயங்காலம் வெளியே வந்தபோது அம்மா அப்பாவின் நெற்றியில் கை வைத்து நின்றுகொண்டிருந்தாள்.

"சுடுது ஜோஸ்லி. நெஞ்சுல என்னமோ கொரகொரங்குது."

ஆம்புலன்ஸ் வந்தது. விடியும்போது எல்லாம் முடிந்துவிட்டது.

ஆஸ்பத்திரி வராந்தாவில் இளம் டாக்டரம்மா முகக்கவசத்தை இறக்கிவிட்டு நிதானமாகப் பேசினாள். நெஞ்சு முழுக்கச் சளி. நுரையீரலில் ஏதோ இறங்கியிருக்கிறது. "வாய் வழியா ஏதாவது குடுத்தீங்களா?"

"இல்லீங்க டாக்டர்," என்றாள் ஞானாபரணம். கேள்வி முடியும் முன்பே வந்துவிட்டது பதில்.

ஜோஸ்லின் துப்பட்டா முனையைக் கைக்குள் சுருட்டிக்கொண்டாள். "குழாய் போட்டவங்களுக்குச் சும்மாவே எச்சில் இறங்கியும் இப்படி ஆகலாம்" என்று டாக்டர் அதற்குப் பிறகு சொன்னதும் அவள் காதில் விழுந்தது. அதைப் பிடித்துக்கொள்ளப் பார்த்தாள். பிடி கிடைக்கவில்லை.

ஜோஸ் பெங்களூர் பஸ்ஸிலிருந்து இறங்கி நேரே ஆஸ்பத்திரிக்கு வந்தான். அப்பாவின் கன்னத்தில் பிளாஸ்திரி ஒட்டியிருந்த தடத்தைக் கட்டைவிரலால் தேய்த்துக்கொண்டே நின்றான். யாரையும் எதுவும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன் என்று ஜோஸ்லினுக்குத் தோன்றியது. அவன் கேட்கக்கூடாது என்றும் வேண்டிக்கொண்டிருந்தாள்.

புலியகுளத்து வீட்டில் கட்டில் இருந்த இடத்தில் ஃப்ரீசர் பெட்டியை வைத்தார்கள். வாசலில் கட்டியிருந்த காகித நட்சத்திரத்தை யாரோ கழற்றிச் சுவரோரம் திருப்பி வைத்தார்கள். மில்லில் கூட வேலை பார்த்த பாலுசாமி வந்து பெட்டியின் கண்ணாடிமேல் கையை ஊன்றிக்கொண்டு, "ஏனுங்க சகாயம், பொங்கலுக்கு எந்திரிச்சு நடந்து வாரேன்னீங்களே" என்று கேட்டுவிட்டுத் திரும்பி நின்று அழுதார். அம்மா வருகிறவர்களுக்கெல்லாம் ஒரே மாதிரி சொல்லிக்கொண்டிருந்தாள். "திடீர்னு மூச்சு வாங்குச்சுங்க. அவ்வளவுதானுங்க." ஒவ்வொரு தடவை அதைக் கேட்கும்போதும் ஜோஸ்லின் எழுந்து பின்கட்டுக்குப் போனாள். அம்மா தன்னைக் காப்பாற்றத்தான் அப்படிச் சொல்கிறாளோ என்று ஒரு சந்தேகம் வந்தது. கரண்டியைப் பார்த்திருப்பாளோ? மீசையில் மிச்சம் ஒட்டியிருந்ததோ?

கிறிஸ்துமஸ் நெருங்கிவிட்டதால் சாயங்காலத்துக்கு முன்பே அடக்கத்தை முடித்துவிடலாம் என்று கோயில் சாமியார் சொல்லிவிட்டார். கோயிலில் பாதி கட்டிய குடிலைத் தாண்டித்தான் பெட்டியைத் தூக்கிப் போனார்கள். வைக்கோலும் மாட்டுப் பொம்மைகளும் இருந்தன. குழந்தையின் இடம் காலியாக இருந்தது. கல்லறைத் தோட்டத்தில் மண் அள்ளிப் போடும் முறை வந்தபோது ஜோஸ்லின் கை நிறைய அள்ளினாள். பிறகு பாதியைக் கீழே விட்டுவிட்டுக் கொஞ்சமாகப் போட்டாள்.

திரும்பி வந்து எல்லோரும் குளித்தார்கள். பக்கத்து வீட்டு சாஜிதா பேகம் தூக்குப்போசியில் டீயும், பாத்திரத்தில் சோறும் குழம்பும் கொண்டுவந்து வைத்தாள். "ஒரு வாய் சாப்புடுங்க அக்கா. உங்களுக்கு ஏதாச்சும் ஆயிப்போட்டா புள்ளைங்க என்ன பண்ணும்?" என்று அம்மாவின் தோளைப் பிடித்து உட்காரவைத்துவிட்டுப் போனாள். சொந்தக்காரர்களும் ஒவ்வொருவராகக் கிளம்பினார்கள். வீட்டில் மூன்று பேர் மட்டும் மிஞ்சினார்கள்.

ஜோஸ் குளிர்ந்த தண்ணீருக்காக ஃப்ரிட்ஜைத் திறந்தான்.

"இது என்ன?"

ஜோஸ்லின் எழுந்து போய்ப் பார்த்தாள். க்ரீம் கிண்ணம் அவள் மூடி வைத்தபடியே இருந்தது. தட்டிலிருந்த கேக் அடுக்கில் ஒரு ஓரம் இல்லை. விரல் அகலத்துக்குக் கத்தியால் ஒழுங்காக வெட்டி எடுக்கப்பட்டிருந்தது.

அவள் அந்தக் கேக்கை வெட்டவில்லை.

"அப்பாவுக்குன்னு பண்ணுனது," என்றாள். குரல் தனக்கே வேறு யாருடையதோ போலக் கேட்டது. "பெப்பர்மிண்ட் கேக்."

"யார் வெட்டுனது?"

கூடத்தில் அம்மா டீ டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு இந்தப் பக்கம் பார்த்தாள். கண்ணை எடுக்கவில்லை.

"நான்தாண்ணா. வெந்திருக்கான்னு பாக்க."

ஜோஸ் தட்டை வெளியே எடுத்தான். வெட்டிய இடத்துக்குப் பக்கத்திலேயே கையால் பிய்த்து வாயில் போட்டான். முதல் நாள் ராத்திரியிலிருந்து அவன் எதுவும் சாப்பிட்டிருக்கவில்லை. ஃப்ரிட்ஜ் கதவைத் திறந்து போட்டபடி நின்றுகொண்டே பிய்த்துப் பிய்த்துத் தின்றான். தின்னத் தின்ன அழுதான். "நல்லாருக்கு ஜோஸ்லி," என்றான். அவள் தட்டை வாங்கி வைத்துவிட்டு அவனை உள்ளறைக்குக் கூட்டிப்போய்ப் படுக்கவைத்தாள். படுத்ததும் தூங்கிப்போனான்.

அவள் கூடத்துக்கு வந்தபோது அம்மா அப்பாவின் போர்வையை மடித்துக்கொண்டிருந்தாள். மடித்ததைப் பிரித்து மறுபடி மடித்தாள்.

"நீ வெட்டலியே," என்றாள், நிமிராமல்.

"இல்லீங்கம்மா."

"நீ மீட்டிங்ல இருந்தே. வாசம் வருது, வாசம் வருதுன்னே சொல்லிட்டிருந்தாரு. கல்யாணமானதுலருந்து நான் வெச்சு அவரு வேண்டாம்னதில்ல. அவரு கேட்டு நான் இல்லைன்னதும் இல்ல. படுத்ததுக்கப்பறம்தான் இத்தன நாளா இல்ல இல்லன்னே சொல்லிட்டிருந்தேன். கும்புட்டாரு கண்ணு. ஒரு கைதான் எந்திரிச்சுது." அம்மா போர்வையை மடியில் வைத்துக்கொண்டாள். "பால்ல ஊறவெச்சு, கூழாட்டப் பண்ணித்தான் குடுத்தேன். அத்தனையும் முழுங்குனாரு. ஒரு இருமல்கூட இல்ல. சரி, தொண்டை திரும்பிருச்சு போலன்னு எனக்கு அவ்வளவு சந்தோசம். ஜோஸு கிட்ட போன்ல சொல்லோணும்னுகூட நெனச்சேன்."

ஜோஸ்லினுக்கு முதலில் வந்தது நிம்மதிதான். நேற்றிலிருந்து நெஞ்சில் உட்கார்ந்திருந்தது ஒரு கணம் எழுந்து நின்றது போலிருந்தது. நான் மட்டும் இல்லை. காரணம் நானாகவே இல்லாமல்கூட இருக்கலாம். பேசாமல் இருந்தால் போதும், அம்மா ஒருபோதும் கேட்கப்போவதில்லை. அப்படி நினைத்ததை உணர்ந்ததும் அவளுக்கு உடம்பு கூசியது. எதிரில் அம்மா ஒரே நாளில் சிறுத்துப்போனவளாக, குளித்த ஈரத்தலையைத் துவட்டாமல் உட்கார்ந்திருந்தாள்.

"நானும் குடுத்தேம்மா."

அம்மா நிமிர்ந்தாள்.

"காலைல. நீங்க மருந்துக்கடைக்குப் போயிருந்தப்ப. க்ரீமு."

"காலைலயா?"

"ஆமாங்க."

உள்ளறையில் ஜோஸ் புரண்டு படுக்கும் சத்தம் கேட்டது. இருவரும் அது அடங்கும்வரை இருந்தார்கள்.

"என்ன சொன்னாரு?" என்று கேட்டாள் அம்மா.

"இன்னும்னாரு."

அம்மாவின் உதடு நடுங்கியது. சிரிக்கப் போகிறாளோ என்றுகூட ஜோஸ்லினுக்குத் தோன்றியது. அவள் சிரிக்கவில்லை. போர்வையின் ஓரத்து நூலைப் பிடித்து இழுத்தாள். அடுத்த கேள்வி என்னவென்று ஜோஸ்லினுக்குத் தெரிந்திருந்தது.

"இருமுனாரா?"

இல்லை என்று சொல்லிவிடலாம். யாருக்கும் தெரியாது.

"இருமுனாருங்க. கண்ணுல தண்ணி வந்துருச்சு. அப்பறமும் குடுத்தேன்."

வெளியே எங்கோ தூரத்தில் ட்ரம் சத்தம் கேட்கத் தொடங்கியிருந்தது. அம்மா கையை நீட்டி மகளின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"எங்கிட்டயும் இருமுனாரு," என்றாள்.

ஜோஸ்லின் அம்மாவைப் பார்த்தாள். அம்மா அவளைப் பார்க்கவில்லை. வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிடி மட்டும் இறுகியிருந்தது.

ட்ரம் சத்தம் தெருவுக்குள் நுழைந்தது. கோயில் இளைஞர்கள் கேரல் பாடிக்கொண்டு வீடு வீடாக வருகிறார்கள். நான்கு வீடு தள்ளி யாரோ எதையோ சொல்வது கேட்டது. ட்ரம் சட்டென்று நின்றது. பாட்டும் நின்றது. திறந்திருந்த வாசல் வழியே அவர்கள் தலையைக் குனிந்துகொண்டு வரிசையாகக் கடந்து போனார்கள். முன்னால் போன கிறிஸ்துமஸ் தாத்தா முகமூடியை நெற்றிக்குமேல் தள்ளிவிட்டு, வியர்த்த முகத்தோடு வீட்டைப் பார்த்துச் சிலுவை போட்டுக்கொண்டார். பின்னால் வந்தவர் ட்ரம்மின் தோலை உள்ளங்கையால் அழுத்திப் பிடித்தபடி, ஒரு சின்னச் சத்தமும் வந்துவிடாமல் நடந்தார்.