சிவப்பு ஷூவுக்குள் இருப்பது

1

இந்தக் கதையை நானாக எழுத உட்காரவில்லை, கண்ணுகளா. என் அக்கா எழுதச் சொன்னாள். சொன்னதோடு விட்டாளா? "நீ எப்படி முடிக்கிறியோ, அப்படியே நான் செஞ்சிடறேன்" என்று பாரத்தையும் என் தலையில் ஏற்றிவிட்டாள். பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டு, வாயால் கதை சொல்லிச் சொல்லி எழுதவும் பழகிக்கொண்டவள் நான். என் கதையில் யார் செத்தாலும் பிழைத்தாலும் எனக்குச் சோறு இறங்காமல் போனதில்லை. இந்தத் தடவை இறங்கவில்லை.

சங்கதி இதுதான். அக்கா வீட்டின் முன்பகுதி நியான் விளக்குப் பட்டறை. கண்ணாடிக் குழாயை நெருப்பில் காட்டி, எழுத்தாகவும் படமாகவும் வளைத்தவர் அத்தான். அவர் போய்ச் சேர்ந்துவிட்டார். இப்போது அவர்கள் மகள் வளைக்கிறாள். பட்டறை ஜன்னலில் அத்தான் செய்த சிவப்பு ஷூ ஒன்று எரிகிறது. சில நாட்களாகத் துடிக்கிறது. மின்சாரம் ஏறும் முனை தேய்ந்து, குழாயின் நுனிகள் கருத்துவிட்டன. முனையை மாற்றக் குழாயை வெட்ட வேண்டும். வெட்டினால், புது நியான் வாயு அடைத்து எரியவைக்கலாம், ஆனால் அத்தான் அடைத்தது போய்விடும். வெட்டாவிட்டால் ஷூ அணைந்துவிடும்.

வெட்டுவதா, வேண்டாமா? அக்காவுக்குத் தெரியவில்லை. அதனால்தான் கதை.

2

முதலில் இப்படி ஆரம்பித்தேன்:

"அந்தக் குழாய்க்குள் அவருடைய மூச்சு இன்னும் இருந்தது. நெருப்பில் இளகும் கண்ணாடி ஒடுங்கிவிடாமலிருக்க, ரப்பர் குழலைப் பல்லில் கடித்து அவர் ஊதிய மூச்சு, இத்தனை வருடமும் சிவப்பாக..."

அக்கா மகளிடம் வாசித்துக் காட்டினேன். அழுவாள் என்று பார்த்தால் சிரித்தாள்.

"சித்தி, அப்பா மூச்சு உள்ள இருந்தா விளக்கு ஒழுங்கா எரியுமா? பம்ப் போட்டு எல்லாத்தையும் உறிஞ்சி எடுத்துட்டுத்தான் நியானை விடுவோம்."

"கொஞ்சங்கூடவா மிஞ்சாது?"

"மிஞ்சினா அது மட்டமான வேலை. அப்பா மட்டமான வேலை செய்வாரா?"

"சரி சரி. அம்மாகிட்ட சொல்லிடாதே, பாவம்."

"அம்மாவுக்குத் தெரியாதா? ஷூ செஞ்ச அன்னைக்குப் பம்பை ஓட்டினதே அம்மாதான்!"

மூச்சு வாக்கியத்தை அடித்துவிட்டேன். (அடித்ததை ஏன் காட்டுகிறேன்? நன்றாகத்தானே இருந்தது!)

3

பட்டறைச் சுவரில் ஒரு தனிம அட்டவணை தொங்கியது. எனக்குத் தெரிந்த ரசாயனமெல்லாம் அதைப் பார்த்தும் அத்தானைக் கேட்டும் வந்ததுதான். வலது ஓரத்தில், மேலிருந்து கீழாக ஹீலியம், நியான், ஆர்கான், கிரிப்டான் என்று ஒரு குடும்பம். நியானுக்கு எண் பத்து. அதன் வெளிக்கூட்டில் எட்டு எலக்ட்ரான்கள், நிறைந்த வீடு. வாங்கவும் ஒன்றுமில்லை, கொடுக்கவும் ஒன்றுமில்லை. யாரோடும் சேராது.

அத்தானும் அப்படித்தான் என்று எழுதி

[நிறுத்திவிட்டேன். மனிதரைத் தனிமத்தோடு ஒப்பிடுவது ரொம்பச் சுலபம். ஆனால் என்ன செய்ய, கல்யாண வீட்டில்கூட மூலையில் நின்று மின்விசிறியை அண்ணாந்து பார்த்துக்கொண்டிருப்பார் மனுஷன். "உங்க வீட்டுக்காரர் பேசவே மாட்டாரா?" என்று கேட்டால், "நான் பேசி முடிக்கட்டும்னு காத்திட்டிருக்கார்" என்பாள் அக்கா.]

அக்காவுக்கு அவர் வைத்த பட்டப்பெயர் சோடியம். அட்டவணையில் இடது ஓரம், எண் பதினொன்று. வெளிக்கூட்டில் ஒற்றை எலக்ட்ரான். அதை யாருக்காவது கொடுத்துவிடத் துடிக்கும். தண்ணீர் பட்டால் பொங்கிவிடும்.

4

ஷூ பிறந்தது அவர்கள் கல்யாணமான புதிதில். ஒரு செருப்புக்கடைக்காரர் ஆர்டர் கொடுத்தார்: ஷூவின் மூக்கு கடை வாசலைப் பார்க்க வேண்டும். குழாயைப் பின்பக்கமாக வைத்துத்தான் வளைப்பார்கள். அதனால் படத்தைத் திருப்பி வரைய வேண்டும். வேலைக்குப் புதியவளான அக்கா நேராகவே வரைந்துவிட்டாள். அத்தான் அவள் கோட்டை நம்பி வளைத்தார். எரியவிட்டால், ஷூ வாசலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு தெருவில் இறங்குகிறது. திருப்பி மாட்டவும் முடியாது. குழாயின் முனைகள் முன்னால் துருத்தும்.

"உள்ள வாங்கன்னு சொல்லச் சொன்னா, போயிட்டு வாங்கன்னு சொல்லுதேம்மா!" என்று கடைக்காரர் திருப்பி அனுப்பிவிட்டார்.

அக்கா பொங்கினாள். "எனக்கும் உங்களுக்கும் ஒத்தே வராது. நீங்க அந்தக் கோடி, நான் இந்தக் கோடி. அந்த அட்டவணையே சொல்லுது!"

நான் அங்கேதான் இருந்தேன். அத்தான் அட்டவணையைச் சுவரிலிருந்து கழற்றினார். வலது ஓரமும் இடது ஓரமும் தொடும்படி சுருட்டி, அவள் முன் நீட்டினார். வலக் கோடியில் பத்து. அதை ஒட்டி, ஒரு படி கீழே, பதினொன்று.

"பக்கத்து வீடு," என்றார்.

பிறகு ஷூவைத் தங்கள் ஜன்னலிலேயே மாட்டிவிட்டார்.

5

முடிவுகளுக்கு வருகிறேன்.

வெட்டுகிறாள். மகள் அரத்தால் கீறி, டக்கென்று ஒடிக்கிறாள். நியான் அறையில் கலக்கிறது. நிறமில்லை, மணமில்லை. அக்கா மூச்சை இழுக்கிறாள். உள்ளே போன நியான் எதோடும் சேராமல் அப்படியே வெளியே வந்துவிடுகிறது. அத்தான் மாதிரியே, சொல்லிக்கொள்ளாமல்.

வெட்டவில்லை. ஷூ அணைகிறது. இருட்டிலும் நியான் நியானாகவே உள்ளே இருக்கிறது. ஆனால் சாயங்காலம் எதிர்ச்சுவரில் விழும் சிவப்பு இல்லாமல் அக்கா அந்த அறையில் எப்படி

மூன்றாவது நான் கற்பித்ததல்ல. மகள் புது ஷூ ஒன்றைச் செய்து கொண்டுவந்து காட்டினாள், மூக்கு வாசலைப் பார்க்க. அக்கா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்தாள்.

"இது எதுக்குடி? இது சரியால்ல இருக்கு!"

6

நேற்று எழுதிவைத்த மூன்றையும் எடுத்துக்கொண்டு அக்கா வீட்டுக்குப் போனேன். ஷூ இரண்டு முறை அணைந்து, மறுபடி பிடித்துக்கொண்டது.

"முடிச்சிட்டியா?" என்றாள் அக்கா.

"இன்னும் இல்லக்கா."

"அவசரமில்ல. மெதுவா எழுது." கண் மட்டும் ஜன்னலை விட்டு நகரவில்லை.

மெதுவாக எழுத ஷூ விடாது, கண்ணுகளா. எனக்கும் கை வரவில்லை. கடைசி வரியை நீங்களே எழுதுங்கள். எதை எழுதினாலும் அவள் அப்படியே செய்துவிடுவாள். ஒன்றே ஒன்று: எழுதியதை நீங்களே வந்து அவளுக்கு வாசித்துக் காட்ட வேண்டும். ஜன்னல் பக்கத்து முக்காலியில் உட்கார்ந்து, அந்தச் சிவப்பு வெளிச்சத்தில், அவள் முகத்தைப் பார்த்து.