பூனைவாலனுக்குக் கேதம் சொன்னது

சண்டை விமானம் ஒன்று விழுந்துவிட்டால் மிச்சமுள்ள விமானங்களுக்கு முறைப்படி கேதம் சொல்ல வேண்டும். சாவுச் செய்தியை நெருங்கிய உறவில் ஆரம்பித்து, ஒவ்வொன்றிடமும் நடந்து போய், முகத்துக்கு எதிரே நின்று சொல்ல வேண்டும். ஏதாவது ஒன்று விட்டுப்போனால் அந்த விமானம் தரைக்கு வராது. யுத்தகாலத்தில் தேரிக்காட்டு விமானத்தளத்தில் அந்த வேலையை நான் பார்த்தேன்.

பெரிய கஷ்டமில்லை. தலைத்துண்டை இடுப்பில் கட்டிக்கொள்ள வேண்டும். செருப்பு கூடாது. துண்டு இடுப்பில் இருக்கும்வரை, சொல்லப் போன இடத்தில் உட்காரக் கூடாது, இறக்கை நிழலில் ஒதுங்கக் கூடாது, ஒரு வாய்த் தண்ணீர் குடிக்கக் கூடாது. எங்கள் பக்கத்தில் மனிதர்களுக்கும் இதே முறைதான் என்பதால் எனக்குப் பயிற்சி எதுவும் தரவில்லை. ஒன்றில் மட்டும் கவனம் வேண்டும். துக்கம் தாங்காமல் சில விமானங்கள் மூக்கிலிருக்கும் விசிறியைச் சுழற்றிவிடும். எனக்கு முன்னால் இந்த வேலையில் இருந்தவர் அப்படித்தான் போய்ச் சேர்ந்தார். விமானங்களே அவருடைய ஊருக்குப் போய்ச் சொல்லிவிட்டு வந்தன. உட்காரவில்லையாம்.

எங்கள் தளத்து விமானங்கள் எல்லாம் ஒன்றுக்கொன்று பங்காளிகள். கடலுக்கு அந்தப் பக்கமிருந்து வரும் எதிரி விமானங்கள் சம்பந்தி முறை. ரொம்ப நாள் கொடுக்கல் வாங்கல்.

பூனைவாலன் என்ற விமானத்தை ஓட்டியவர் சவரிராயன். கடற்கரைக்காரர், இருபது வயதை ஒட்டிய பிள்ளை. கட்டுமரத்தில் குந்துவதுபோலத்தான் விமானத்திலும் குந்துவார். ஊரில் அவர் மனைவி ஞானசீலி மாசமாக இருந்தாள். ஒருதரம் போய்ப் பார்த்துவர லீவு கேட்டுக்கொண்டே இருந்தார். தளத்துப் பெரிய அதிகாரி தேவசகாயம், “யுத்தம் முடியட்டும்டே” என்று சொல்லிக்கொண்டே இருந்தார். இருவரும் சலிக்கவில்லை.

அன்றைக்குக் காலையில் ஒத்தைக்கண்ணன் என்ற விமானம் சுடப்பட்டுக் கடலில் விழுந்தது. அதை ஓட்டியவர் பாராசூட்டில் குதித்து, கரைக்கு நீந்தி, பஸ் பிடித்துச் சாப்பாட்டு நேரத்துக்கு வந்து சேர்ந்துவிட்டார். விமானம் வரவில்லை. நான் துண்டை அவிழ்த்து இடுப்பில் கட்டினேன்.

ஒத்தைக்கண்ணனுக்குக் கூடப்பிறந்தது பூனைவாலன் ஒன்றுதான். அதற்குத்தான் முதலில் சொல்ல வேண்டும். அதுவோ சவரிராயனை வைத்துக்கொண்டு ஆகாயத்தில் காவல் சுற்றிக்கொண்டிருந்தது. இறங்கட்டும் என்று சுடுமணலில் கால் மாற்றி மாற்றி நின்றேன்.

தேவசகாயம் கொட்டகையிலிருந்து வெளியே வந்தார்.

“என்ன வே நிக்கீரு? நான் சொல்லிட்டேன்.”

“யாருகிட்ட?”

“சவரிகிட்டதான். வயர்லெஸ்ல. பூனைவாலன் காதுலயும் விழுந்திருக்கும்லா.”

“கூடப்பொறந்தவனுக்கு வயர்லெஸ்லயா சொல்லுவாக?”

தேவசகாயம் படித்த மனிதர், அவசரக்காரர். அவருடைய அப்பா செத்தபோது தாய்மாமனுக்குத் தபாலில் எழுதிவிட்டார் என்று, மாமன் அவர் கல்யாணத்துக்கே வரவில்லை. அந்த நினைப்பு முகத்தில் வந்து போனதைப் பார்த்தேன். இரண்டு பேரும் அண்ணாந்து பார்த்தோம். பூனைவாலன் எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு சுற்றியது.

வயர்லெஸ் பெட்டியில் சவரிராயன் குரல் வந்தது.

“அண்ணாச்சி நிக்காகளா?”

“நிக்கேன் தம்பி.”

“எறங்க மாட்டேங்குது. ஓடுபாதையக் காட்டுனா மூஞ்சியத் திருப்பிக்கிடுது.”

“பெட்ரோல் எவ்வளவு கெடக்கு?”

“முள்ளப் பாக்கப் பயமா இருக்கு. பாக்கல.”

“குதிச்சிருங்க.”

“மேல்மூடி தெறக்கல அண்ணாச்சி. வயர்லெஸ்ல வந்தத அதுக்குச் சொன்னது நான்தானே. எம்மேலயும் வருத்தம் போல. புடிச்சு வச்சிருக்கு.”

பிறகு மெதுவாகச் சொன்னார்: “எனக்கு ஒண்ணுன்னா வயர்லெஸ்ல சொல்லிராதீக. நடந்து போய்ச் சொல்லுங்க.”

சமையல்காரர்கள் கரண்டியோடு வெளியே வந்து நின்றார்கள். இயந்திரம் ஒருமுறை இருமியது. பனைமரங்களில் இருந்த காக்கைகள் எல்லாம் எழும்பி, கொஞ்சம் யோசித்து, திரும்ப உட்கார்ந்தன. என் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. தண்ணீர் கேட்கவும் முடியாது. துண்டு இடுப்பில் இருக்கிறது.

தேவசகாயம் தபால் விமானத்தைக் கிளப்பினார். தபால் விமானம் உறவில் சேர்த்தியில்லை, அதனால் அதற்கு யார் செத்தாலும் ஒன்றுதான். “நீரு நடந்துதான் போவணும், தெரியும்லா?” என்றார். தெரியும் என்று ஏறிக்கொண்டேன். வாகனத்தில் போய்க் கேதம் சொன்னால் செல்லாது.

மேலே போய்ப் பூனைவாலனுக்குப் பக்கத்தில், இறக்கையும் இறக்கையும் உரசுகிற மாதிரி ஓட்டினார். நான் வெளியே இறங்கினேன். காற்று என்னைப் பெயர்த்து எடுக்கப் பார்த்தது. கண்ணைக் கீழே விட்டேன். தேரிக்காடு சிவப்பாக, உள்ளங்கை அகலத்தில் கிடந்தது. அதற்கு அப்புறம் கீழே பார்க்கவில்லை. வரப்பில் நடப்பதுபோல் ஒரு கால் முன்னால் ஒரு கால் வைத்துத் தபால் விமானத்தின் இறக்கையைக் கடந்து, பூனைவாலனின் இறக்கையில் ஏறினேன். தகரம் சூடாக, காய்ச்சல்காரன் நெற்றிபோல இருந்தது. கண்ணாடிக்குள் சவரிராயன் ஜெபமாலையை இரண்டு கையாலும் பிடித்திருந்தார். உதடு அசைந்தது. நான் அவரைப் பார்க்கக் கூடாது. கேதம் அவருக்கல்ல.

மூக்கின்மேல் தவழ்ந்து, ஒரு கையால் விளிம்பைப் பிடித்துக்கொண்டு, விசிறிக்குப் பக்கவாட்டில் முகத்தை நீட்டினேன்.

“ஒத்தைக்கண்ணன் தவறிட்டாக” என்றேன். “காலையில. கடல்ல. உங்ககிட்டதான் மொதல்ல சொல்ல வந்தேன்.”

கடைசி வாக்கியம் பொய் என்பது அதற்கும் தெரியும். ஆனால் அந்தப் பொய்யைச் சொல்ல ஒரு மனிதன் இவ்வளவு தூரம் நடந்து வந்திருக்கிறான் அல்லவா. மரியாதை என்பது அதுதான்.

பூனைவாலன் இயந்திரத்தை நிறுத்தியது.

விசிறி மெல்லச் சுழன்று, அப்படியே நின்றது. அந்த மௌனத்துக்குப் பயந்ததுபோல நான் எதற்கும் பயந்ததில்லை. கீழே பனையோலை அசைவது கேட்டது. உள்ளே சவரிராயன் மூச்சு விடுவது கேட்டது. எவ்வளவு நேரம் அப்படித் தொங்கினோமோ. பிறகு மூக்கிலிருந்து எண்ணெய் ஒரு கோடாக வழிந்து கண்ணாடியில் பரவியது. அழட்டும் என்று விட்டேன். அழுது முடித்ததும், சத்தமில்லாமல், சருகு விழுகிற மாதிரி ஓடுபாதையில் வந்து இறங்கியது. கேதம் சொன்ன இடத்தில் உட்காரக் கூடாது என்பதால் நான் இறக்கைமேல் நின்றுகொண்டே வந்தேன்.

மூடி தானாகத் திறந்தது. சவரிராயன் இறங்கி, மணலைக் கையில் அள்ளிப் பார்த்துவிட்டுக் கீழே போட்டார்.

“சாப்பாடு இருக்கா அண்ணாச்சி?” என்றார்.

“கரண்டியப் புடிச்சு நின்னதுல கருகிப்போச்சு.”

“பரவால்ல.”

காரியம் முடியும்வரை தளத்தில் எந்த விமானமும் பறக்காது. துக்கம். இதுதான் ஆபத்தான காலம். எதிரி வந்தால் தடுக்க ஒன்றும் இல்லை. தேவசகாயம் பதுங்குகுழிகளை ஆழமாக வெட்டச் சொன்னார். தட்டு உருண்டாலும் ஆட்கள் குழிக்குள் பாய்ந்தார்கள். மற்ற பங்காளிகளுக்குச் சொல்லியாயிற்று, சம்பந்திகளுக்கும் சொல்ல வேண்டுமே என்று எனக்கு உறுத்தல். ஆனால் கடல்மேல் நடக்க முடியாது.

சொல்லாமலே வந்தார்கள். சங்கு ஊதியது. குழிக்குள் ஒருவர்மேல் ஒருவராகப் படுத்தோம். என் கன்னத்தின்கீழ் யாருடைய முழங்காலோ இருந்தது. கூட்டமாகக் கடல்பக்கமிருந்து வந்த எதிரி விமானங்கள் தளத்தை இடப்பக்கமாகச் சுற்ற ஆரம்பித்தன. சுடுகாட்டில் சுற்றுவதுபோல இடப்பக்கமாக.

“துட்டி கேக்க வந்திருக்காக” என்றார் தேவசகாயம், வாயில் மண்ணோடு. சாவு எப்படித் தெரிந்து துக்கம் விசாரிக்க வந்தார்கள் என்று யாரும் கேட்கவில்லை. சுட்டவர்கள் அவர்கள்தானே.

குழியிலிருந்து எழுந்து, கைகட்டி வரிசையாக நின்றோம். மேலேயிருந்து, இறந்தவருக்குச் சம்பந்தி வீட்டார் போர்த்தும் கோடித் துணி வந்தது. வெள்ளைப் பாராசூட், கீழே ஆள் கிடையாது, வெறும் துணி. ஒத்தைக்கண்ணன் வழக்கமாக நிற்கும் இடத்தில் சரியாக விழுந்து மணலை மூடியது. முறை தெரிந்தவர்கள் என்று நினைத்தேன்.

அதற்குப் பிறகு இன்னொரு துணி வந்தது.

இறந்தது ஒன்று. ஒன்றுக்கு ஒரு கோடிதான். சம்பந்தி வீட்டார் இதில் கணக்குத் தப்பமாட்டார்கள். அந்தத் துணி காற்றில் ஒதுங்கி, வரிசையில் ஒவ்வொருவர் தலைக்குமேலும் கொஞ்சம் நின்று நின்று நகர்ந்தது. என் தலைக்குமேல் நின்றபோது வெயில் மறைந்து, குளிர்ந்தது. பிறகு நகர்ந்துபோய்ச் சவரிராயன் காலடியில் மடங்கி விழுந்தது.

எதிரி விமானங்கள் போய்வருகிறோம் என்று சொல்லாமல் போயின. துக்க வீட்டில் சொல்லக் கூடாது.

சவரிராயன் துணியை எடுத்து உதறி, தோளிலிருந்து கால்வரை பிடித்துப் பார்த்தார். “நல்ல துணி” என்றார். அழகாக மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டார். தேவசகாயம் லீவு என்று தலையை மட்டும் ஆட்டினார்.

“கெளம்புங்க அண்ணாச்சி, என் கேதத்த நடந்து போய்ச் சொல்லணும்லா. எங்க ஊரு தூரம்.”

“எனக்கு வழி தெரியாதே தம்பி.”

“நான் காட்டுதேன்.”

துண்டை இடுப்பில் கட்டினேன். அவரும் செருப்பைக் கழற்றிவிட்டார். தேரிமணலில் அவர் முன்னாலும் நான் பின்னாலும் நடந்தோம். உடைமரக் காட்டில் ஒரு குறுக்குப்பாதை காட்டினார். முள் குத்தினால் நின்று எடுத்துவிட்டார். எனக்குத்தான் குத்தியது, அவருக்குக் குத்தவில்லை. கோயில் கோபுரம் தெரிந்ததும் நடையைக் கொஞ்சம் மெதுவாக்கினார்.

வீட்டு வாசலில் ஞானசீலி வலை உலர்த்திக்கொண்டிருந்தாள். வயிறு முன்னுக்கு வந்திருந்தது. எங்களைக் கண்டதும் உள்ளே ஓடிச் செம்பு நிறையத் தண்ணீர் கொண்டுவந்து முதலில் அவரிடம்தான் நீட்டினாள். சவரிராயன் செம்பைப் பார்த்தார். நடந்து வந்ததில் உதடு வெடித்திருந்தது. வாங்கவில்லை. படியில் உட்காரவுமில்லை. கூரை நிழலைவிட்டு விலகி வெயிலில் நின்றுகொண்டு, முழங்கையால் என்னை இடித்தார்.

“சொல்லுங்க அண்ணாச்சி.”

மாசமாக இருக்கிறவளிடம் நேரே சொல்ல முடியாது, வீட்டில் மூத்தவர் யார் என்று கேட்டேன்.