பதிவேட்டில் ஏறாத மனு

அலுவலகத்தில் எவாந்தியாவுக்கு 'நம்பரம்மா' என்று பெயர். இருபத்தாறு வருடமாகத் தபால் பிரிவில் உட்கார்ந்து, வருகிற தாளுக்கெல்லாம் எண்ணும் தேதியும் போட்டுப் பதிவேட்டில் ஏற்றுகிறவள். எங்கள் கிரேக்க அரசாங்கத்தில் எண் விழாத தாள் அடுப்பெரிக்கத்தான் ஆகும். ஒரு நாள் பிந்தி வந்த விவசாயி காலில் விழாத குறையாகக் கெஞ்சியபோதும் அவள் முன்தேதி போட்டுக் கொடுத்ததில்லை.

தொண்ணூற்றிரண்டு வசந்தத்தில் அவளையே ஒரு தூரத்துத் தீவுக்கு மாற்றினார்கள். பக்கவாதத்துக்குப் பிறகு அவள் கணவன் அரிஸ்தீதிஸ் பேசுவது அவளைத் தவிர ஒருவருக்கும் விளங்காது. கூடப்பிறந்த அக்காளே, "தண்ணியா கேக்குறே? ஜன்னலைத் தொறக்கணுமா?" என்று திண்டாடுவாள். அவனை அழைத்துப் போகவும் வழியில்லை. அவனுக்கு வைத்தியம் இந்த ஊரில்தான்.

ஆட்சேபம் சொல்லப் பத்து நாள் கெடு. மனுவை எழுதிக்கொண்டு நேரே இயக்குநர் கெராசிமோஸ் அறைக்குப் போனாள். அவள் மகளின் ஞானஸ்நானத்தில் ஞானத்தகப்பனாக நின்றவர். அந்த உறவில் அவர் இவளுக்குக் கும்பாரே, இவள் அவருக்குக் கும்பாரா.

"நம்பர் போட்டுக் குடுக்கட்டுமா, கும்பாரே?"

"என்ன கும்பாரா, எங்கிட்டயே ரசீது கேப்பே போலிருக்கே! வச்சுட்டுப் போ. மேல பேசி நானே முடிச்சுடறேன்."

அவளுக்கு வெட்கமாகப் போயிற்று. ஞானத்தகப்பனிடம் எண் கேட்டால் சந்தேகப்பட்டதாகத்தானே அர்த்தம்? காப்பியைக் குடித்துவிட்டு வந்துவிட்டாள்.

ஈஸ்டருக்கு அவர் வீட்டுக்கே வந்தார். பண்டிகை வழக்கப்படி தன் சிவப்பு முட்டையை அவள் முட்டையோடு மோதி உடைத்து, "ஆயிடும், கவலைய விடு" என்றார். கெடு முடிந்து எத்தனையோ நாள் கழித்து மாற்றல் உறுதி ஆணை வந்தது. கெடுவுக்குள்ளேயே மனு கொடுத்ததாகச் சொல்லி நிர்வாக நீதிமன்றத்துக்குப் போனாள். மனு எதுவும் வாங்கியதாக ஞாபகமில்லை என்று கெராசிமோஸ் எழுதிக் கொடுத்துவிட்டார். பாவி மனுஷன், நேரில்கூட வரவில்லை.

அரசு வழக்கறிஞர் பதிவேட்டைத் தூக்கி மேசைமேல் வைத்தார். நீதிபதி அவள் வயதுப் பெண். பக்கங்களைப் புரட்டிப் பார்த்தார்.

"இதெல்லாம் உங்க கையெழுத்துதானேம்மா?"

"ஆமாங்க."

"வந்த தாள் எதையாவது ஏத்தாம விட்டிருப்பீங்களா?"

அவளுடைய வழக்கறிஞர் கண்ணைக் காட்டினார். ஆமாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்.

"என் மேசைக்கு வந்த எதையும் விட்டதில்லீங்க" என்றாள். அன்று தள்ளுபடியானது வழக்கு.

தீவுக்குப் போன முதல் வாரம், தபால் நிலையத்துத் தொலைபேசியில் கூப்பிட்டாள். நாத்தனார் அரிஸ்தீதிஸின் காதருகே கருவியைப் பிடித்துக்கொண்டாள். அவன் ஏதோ சொன்னான். "என்னப்பா? இன்னொரு தடவ சொல்லு" என்றாள் எவாந்தியா. மறுபடி சொன்னான். மூன்றாம் தடவையும் சொன்னான். இத்தனை நாளும் அவன் உதட்டையும் கண்ணையும் பார்த்துத்தான் புரிந்துகொண்டிருந்தோம் என்பது அப்போதுதான் அவளுக்கு உறைத்தது.

"சரிப்பா, சரி" என்றாள், புரிந்தவள்போல.

அவள் புரிந்துகொள்ளவில்லை என்று அவனுக்குப் புரிந்துவிட்டது. அவன் அழுதது மட்டும் தெளிவாகக் கேட்டது.