அப்பா தொடாத ஃபைல்

அந்த மகர மாதம் முழுக்கப் பாகீரதியால் ஓரிடத்தில் உட்கார முடியவில்லை. கோட்டைக்குள் ஒரு பெண்கள் பள்ளியின் மானேஜர் அவளை டீச்சராக நியமித்திருந்தார். ஆனால் சர்க்கார் கல்வி இலாகாவின் அங்கீகாரம் வந்தால்தான் அது வேலை. வந்தபாடில்லை. விடுமுறை முடிந்து இடவ மாதம் பள்ளி திறப்பதற்குள் வராவிட்டால் வேறு ஆளை வைப்பேன் என்று அவர் சொல்லிவிட்டார். பாவம், அவரும் எத்தனை நாள்தான் பொறுப்பார்!

கடைசியில் கோர்ட் இருக்கும் வஞ்சியூருக்குப் போய் வக்கீல் நேசையனைப் பார்த்தாள்.

"சர்க்கார் மேல சும்மா கேஸ் கொடுக்க முடியாது, டீச்சரம்மா. ரெண்டு மாசத் தவணை கொடுத்து நோட்டீஸ் விடணும். ஃபைல் எங்க கிடக்குண்ணு ஆளை விட்டுக் கேட்டேன். ஹெட் கிளார்க் சாம்பசிவ ஐயர் மேசையிலயாம்."

பாகீரதி எழுந்துவிட்டாள். "அவர் என் அப்பா."

சாயங்காலம் ஸ்ரீவராகத்து வீட்டில் சாம்பசிவன் தலைப்பாகையைக் கழற்றக்கூட அவள் விடவில்லை.

"அப்பா, என் ஃபைல் உங்க மேஜையிலயா இருக்கு?"

"இருக்கு. நான் தொடலையாக்கும்" என்றார் பெருமையாக. "பெத்த பொண்ணு காரியத்துல நானே குறிப்பு எழுதினா நாலு பேர் என்ன சொல்லுவா? வேற யாராவது பாக்கட்டும்னு சொல்லியாச்சு."

"வேற யாரு?"

"யாராவது."

அந்த யாராவது யார் என்று அவருக்கே தெரியாது. ஹெட் கிளார்க்கின் பெண் விஷயத்தில் நாம் முந்திரிக்கொட்டையாக நுழைவானேன் என்று மற்ற குமாஸ்தாக்கள் ஒதுங்கிவிட்டார்கள். தீட்டுப் படாமல் கொடியில் உலரும் மடித்துணி மாதிரி அந்த ஃபைல் பக்கம் யாரும் போவதில்லை. நேர்மைக்கும் ஓர் அளவு வேண்டாமா! கைக்கூலி கேட்கிறவனாவது வாங்கிக்கொண்டு காரியத்தை முடித்துத் தொலைப்பான்.

"அப்போ சர்க்காருக்கு நோட்டீஸ் விடப் போறேன்."

"விடேன். அது உன் பாத்யதை" என்று சொல்லிவிட்டுக் கால் அலம்பப் போனார்.

நோட்டீஸ் போயிற்று. கும்ப மாதம் போய் மீனமும் முடியப் போகிறது. தபால்காரன் தெருவில் திரும்பும்போதெல்லாம் பாகீரதி வாசலுக்கு ஓடினாள். பதில் இல்லை. தவணை முடிந்த அன்று காலை, அப்பா ஆபீஸுக்குக் கிளம்புமுன் சாப்பிட உட்கார்ந்தபோது, ரசம் பரிமாறிக்கொண்டே கேட்டாள்.

"நோட்டீஸுக்கு என்ன பதில் எழுதறாளாம்?"

"அதுவும் உன் காரியந்தானே? அதையும் நான் தொடலை. ஃபைல் மேலேயே வெச்சுட்டேன்."

அழுவதா சிரிப்பதா என்று அவளுக்குத் தெரியவில்லை.

"இன்னிக்குக் கேஸ் கொடுக்கறேன், அப்பா. சாட்சி சம்மன் உங்க பேருக்கு வரும். அதை நீங்கதான் கையெழுத்துப் போட்டு வாங்கணும். என் பொழப்பை நிறுத்தி வெச்சது யாருன்னு கூண்டுல ஏத்திக் கேப்பா. அப்பவும் யாராவதுன்னு சொல்லுவேளா?"

சாம்பசிவன் சாதத்தில் வைத்த கையை எடுக்கவில்லை. பாகீரதி ரசப் பாத்திரத்தைக் கீழே வைத்துவிட்டு, வஞ்சியூருக்குப் போகப் புடவை மாற்ற உள்ளே போனாள்.