நாற்பது நொடி குறைகிறது

தொலைக்காட்சித் தொடரின் அந்த அத்தியாயம், ஓட வேண்டிய நேரத்துக்கு நாற்பது நொடி குறைந்தது. பதினான்கு வருஷமாகப் படத்தொகுப்பு செய்கிறவளுக்கு இப்படி நேர்ந்ததே இல்லை. வீட்டுக் கோபத்தை வேலையில் காட்டினால் இப்படித்தான் ஆகும் என்று இயக்குநர் போனில் சிரித்தார்.

அவர் விளையாட்டாகச் சொன்னது சுருக்கென்று தைத்தது. அந்தத் தொடரின் ஒளிப்பதிவாளர் அவள் கணவன்தான். அவனுக்கு வெளிநாட்டில் இரண்டு வருஷ வேலை வந்திருந்தது. இன்று நாலு மணிக்குள் பதில் சொல்லியாக வேண்டும். நேற்று சாப்பிடும்போது, "அந்த வேலை விஷயமா ஒண்ணு யோசிச்சேன்..." என்று ஆரம்பித்தான்.

"தாராளமா போங்க. யாரு தடுத்தா?" என்று முந்திக்கொண்டாள்.

அவன் தட்டை எடுத்துக்கொண்டு எழுந்துவிட்டான். காலையில் சாவியை எடுத்துக்கொண்டு சொல்லாமல் கிளம்பிப் போனான்.

நாற்பது நொடிக்கு எங்கே போவது? ஒதுக்கிப்போட்ட துண்டுகளைத் திறந்தாள். வசனம் முடிந்தாலும் காமிராவை உடனே நிறுத்தாமல் கொஞ்சம் ஓடவிடுவது அவன் வழக்கம். தொகுக்கிறவளுக்குக் கை வைக்க இடம் வேண்டாமா என்பான். அந்த மிச்சத்துக்கு 'வால்' என்று பெயர் வைத்து, வீட்டுக்கு வால் பார்சல் போகிறது என்று படப்பிடிப்பில் அவனை ஓட்டுவார்களாம். இவளோ, பேச்சு முடிந்த கையோடு அடுத்த முகத்துக்குத் தாவுகிறவள். ஒரு வாலையும் முழுசாகப் பார்த்ததில்லை.

ஒரு காட்சியில் அப்பா மகளிடம், "கிளம்பு" என்கிறார். அந்த இடத்தில்தான் வெட்டியிருந்தாள். வாலில் அவர் கை மெல்ல நீண்டு, மகளின் தோளில் நழுவிய பையைச் சரிசெய்தது. வாய் எதையோ சொல்லப் பார்த்து நின்றது. ஒன்பது நொடி. அதைச் சேர்த்ததும், விரட்டுகிறவராக இருந்த மனிதர் பிரிய மனசில்லாத அப்பாவாகிவிட்டார்.

இன்னும் மூன்று காட்சிகளில் வால் சேர்த்தாள். நாற்பது நிறைந்தது. மணி மூன்றரை.

போனை எடுத்தாள். "நேத்து ஏதோ சொல்ல வந்தீங்களே. சொல்லுங்க."

"அதான் நீயே சொல்லிட்டியே."

நாக்கின் நுனிவரை பதில் வந்துவிட்டது. பல்லைக் கடித்துக்கொண்டு திரையின் ஓரத்திலிருந்த கடிகாரத்தைப் பார்த்தாள். நாலு நொடி. ஏழு. பதினொன்று. அடுத்தவர் பேசட்டும் என்று இவ்வளவு நேரம் அவள் காத்திருந்ததே இல்லை.

"நீயும் வர்றதா இருந்தா போகலாம், இல்லேன்னா வேணாம்னு சொல்லிடலாம்னு இருந்தேன்" என்றான். இவளிடமிருந்து சத்தமே வராததில் பயந்துபோய், "லைன்ல இருக்கியா?" என்றான்.

"இருக்கேன். சொல்லி முடிச்சிட்டீங்களா?"

"முடிச்சிட்டேன்."

"எனக்கு ஒரு மேஜையும் கதவு சாத்துற ரூமும் இருந்தா போதும். எங்க உக்காந்தாலும் வேலை நடக்கும். அங்க கிடைக்குமான்னு கேட்டுட்டுப் பதில் சொல்லுங்க."

சொல்லிவிட்டும் போனை வைக்கவில்லை. அவன் சிரிப்பதைக் கேட்டுக்கொண்டிருந்தாள், கடைசிவரை.