அப்பா ஓஃப்சைட்

என் அப்பா இந்த நாட்டுக்குள் வந்தது முப்பத்தெட்டு ஆண்டுகளாகக் கோல் என்றே பதிவாகியிருந்தது. போன செவ்வாய்க்கிழமை அது ஓஃப்சைட் என்று கடிதம் வந்தது.

கோட்டுக்கு அந்தப் பக்கம் ஒரு காலடி முந்தி நின்றால் ஓஃப்சைட். பிறகு உள்ளே போனாலும் செல்லாது. பழைய வீடியோவைத் திரும்பப் பார்த்துக் கண்டுபிடித்திருக்கிறார்கள். எண்பத்தாறாம் ஆண்டு, ஒக்டோபர், விமான நிலையம், மூன்றாம் யன்னல். அப்பாவின் இடது சப்பாத்து மஞ்சள் கோட்டைத் தாண்டியிருந்ததாம். படமும் இணைத்திருந்தார்கள். சப்பாத்து அவருடையதுதான்.

நுழைவு ரத்து. வரும் ஞாயிற்றுக்கிழமை பெனால்டி புள்ளியிலிருந்து ஓடி வந்து அவர் மறுபடி கோலுக்குள் நுழையவேண்டும். நுழைந்தால் இருக்கலாம். நுழையாவிட்டால் எண்பத்தாறுக்குத் திருப்பி அனுப்புவார்கள். ஊருக்கு அல்ல, அந்த ஆண்டுக்கு. அந்த ஆண்டைப் பற்றி அப்பா எனக்குச் சொன்னது ஒரே ஒரு வசனம். எங்கள் வீட்டுக்கு மேலே ஹெலிகொப்டர் நின்றது, அவ்வளவுதான். அதற்கு மேல் கேட்டால் எழுந்து போய்விடுவார்.

கடிதத்தின் கடைசி வரியில் காப்பாளரின் பெயர் இருந்தது. பேரின்பநாதன் தக்சாயினி. அது நான்.

நான் இந்த நாட்டுப் பெண்கள் உதைபந்தாட்ட அணியின் கோல் காப்பாளர். பத்தொன்பது ஆண்டாக நிற்கிறேன். ஒரு பந்தைக்கூட உள்ளே விட்டதில்லை. பெருமைக்குச் சொல்லவில்லை. விட்டால் ஒரு படிவம் நிரப்பவேண்டும். எனக்குப் படிவத்தைக் கண்டால் பற்றிக்கொண்டு வரும்.

பதினான்கு வயதில் பள்ளிக்கூடம் விட்டு பஸ்ஸுக்கு நின்றேன். ஒரு பயிற்சியாளர் வந்து எனக்குப் பின்னால் வலையைக் கட்டினார். நான் பஸ்ஸுக்கு நிற்கிறேன் என்றேன். நிற்கிறாய்தானே, அது போதும் என்றார். அந்த பஸ் நிறுத்தம் இன்றும் கோலுக்குள்தான் இருக்கிறது.

பெண்களின் கோல் ஆண்டுதோறும் அகலமாகும். அது சட்டம். ஆண்களின் கோலுக்கு அந்தச் சட்டம் இல்லை. ஏன் என்று ஒருமுறை கேட்டேன். அவர்கள் ஏற்கெனவே அளந்துவிட்டார்கள் என்று பதில் வந்தது. இப்போது மழை நாளில் ஒரு கம்பத்திலிருந்து பார்த்தால் மற்றக் கம்பம் தெரியாது. தூரத்துப் பந்துகளுக்கு நான் நாலாம் இலக்க பஸ்ஸில் போவேன். பஸ் பிந்தினால் ஓடுவேன். இரண்டு முழங்காலும் அப்படித்தான் போயின.

பேரின்பநாதன் என்ற பெயர் ஜேர்சியில் அடங்கவில்லை. பாதியை என் முதுகிலும் மீதியை இடதுபக்கம் விளையாடும் ஃபெம்கெயின் முதுகிலும் அச்சடித்தார்கள். நாங்கள் அருகருகே நின்றால்தான் என் பெயர் முழுதாக வரும். ஃபெம்கெ கலியாணம் முடித்து ஒஸ்லோவுக்குப் போனபோது மீதிப் பெயரும் அவளோடு போய்விட்டது. எரிச்சலாகத்தான் இருந்தது. யாரிடம் போய்ச் சொல்வது?

அப்பா ஒரு மட்சையும் தவறவிட்டதில்லை. காளான் பண்ணையில் வேலை முடித்து நேரே வருவார். வலைக்குப் பின்னால் குடையோடு நின்று என் முதுகைப் பார்த்துக்கொண்டிருப்பார். பந்து வரும்போது மட்டும் கண்ணை மூடிவிடுவார். பத்தொன்பது ஆண்டில் நான் பந்து பிடித்ததை அவர் ஒருமுறைகூடக் கண்டதில்லை.

ஞாயிற்றுக்கிழமை என் கடைசி மட்ச். அதன் பிறகு வீட்டில் இருந்து அப்பாவுக்குச் சமைத்துப் போடுவது என்று முடிவு செய்திருந்தேன். அம்மா இறந்து ஆறு ஆண்டாக அவர் போஞ்சிக்காயைத் தவிர வேறொன்றும் சமைக்கவில்லை.

புதன்கிழமை, கடிதம் அனுப்பிய குடிவரவுக் கந்தோருக்குப் போனேன். நடைபாதை நடக்க நடக்க நீண்டது. பாதி வழியில் ஒருவர் கோப்பி விற்றார். எதிரே திரும்பி வந்தவர்களுக்குத் தாடி வளர்ந்திருந்தது. நான் விறுவிறுவென்று நடந்து மத்தியானத்துக்குள் போய்ச் சேர்ந்தேன்.

அதிகாரி திருமதி ஹூக்ஸ்ட்ரா. உயரமான, வெள்ளைத் தலைமுடிப் பெண். கந்தோருக்குள் அவர் யாழ்ப்பாணத் தமிழ்தான் கதைத்தார். தான் தமிழ் கதைப்பது அவருக்குத் தெரியாது. கந்தோர் என்பதே டச்சுக்காரருடைய சொல்தானே. ஒரு காலத்தில் கப்பலில் வந்து எங்களிடம் விட்டுப் போனது. மேசை இழுப்பறைக்கு நாங்கள் சொல்லும் லாச்சியும் அப்படித்தான். அந்தக் கட்டடத்துக்குள் இரண்டு மொழியும் பிரிபடுவதில்லை.

"இருங்கோ தங்கச்சி" என்றார். கதிரை இல்லை. இருந்தேன்.

"அவர் என்ரை அப்பா. நான் எப்பிடி நிக்கிறது? வேறை ஆரையும் போடுங்கோ."

"சொந்தக்காரர் நிக்கக் கூடாதுதான்."

"அப்ப?"

"அவர் இன்னும் உள்ளுக்கை வரேல்லை எல்லோ. வராத ஆளுக்கு இஞ்சை மகள் இருக்கேலாது."

"நான் இருக்கிறனே."

"அது வேறை லாச்சி."

அந்த லாச்சியை இழுத்துக் காட்டினார். அதற்குள் இன்னொரு லாச்சி இருந்தது. அதை அவர் திறக்கவில்லை.

"நான் வேணுமெண்டு விட்டால்?" என்று கேட்டேன்.

திருமதி ஹூக்ஸ்ட்ரா எழுதுவதை நிறுத்தினார். "கமரா பாக்கும். வேணுமெண்டு விட்டால் அவரும் போவார், நீங்களும் போவியள்."

"எங்கை?"

"எண்பத்தாறுக்கு."

"எண்பத்தாறிலை நான் பிறக்கேல்லை."

"அதுக்குத்தான் சொல்லுறன், செய்யாதேங்கோ."

எழுந்து வாசலுக்கு வந்தபோது பின்னாலிருந்து கூப்பிட்டார். குனிந்து ஏதோ கோப்பைப் பார்த்தபடி பேசினார்.

"பிழையான பக்கம் பாயிறது குற்றமில்லை. எல்லாக் காப்பாளரும் பாயினம்."

அன்று பின்னேரம் அப்பா குசினியில் போஞ்சிக்காய் வெட்டிக்கொண்டிருந்தார். மேசையில் பயணப்பை தயாராக இருந்தது. ஒரு வேட்டி, இரண்டு சேர்ட், பிரஷருக்குப் போடும் குளிசை. எனக்கு அந்தப் பையைப் பார்க்கப் பிடிக்கவில்லை. எடுத்துக் கதிரைக்குக் கீழே வைத்தேன்.

"அப்பா, கவனமாக் கேளுங்கோ. விசில் ஊதினவுடனை நான் இடப்பக்கக் கம்பத்துக்குப் போவன். நீங்கள் வலப்பக்கக் கம்பத்தடியாலை உள்ளுக்கை வாங்கோ."

"வலப்பக்கம்."

"ஓம். இடையிலை யோசிச்சுக்கொண்டு நிக்காதேங்கோ."

"உனக்கு ரெக்கோட் போயிடும் பிள்ளை."

"போகட்டும்."

"பத்தொன்பது வரியம்."

"விசர்க்கதை கதையாதேங்கோ அப்பா. எனக்கு நீங்கள் வேணும்."

எங்கள் வீட்டில் அப்படியெல்லாம் யாரும் சொல்வதில்லை. அவர் போஞ்சிக்காயைப் பார்த்துத் தலையாட்டினார். பிறகு கையைத் துடைத்துவிட்டுப் பேனா எடுத்து வலது உள்ளங்கையில் 'வ' என்று எழுதினார். மறக்கக் கூடாது என்று அந்தக் கையை ஞாயிற்றுக்கிழமை வரை கழுவவில்லை. இடது கையால் சாப்பிட்டார். 

ஞாயிறு பின்னேரம் மூன்று மணிக்கு மழை. நாற்பதாயிரம் சனம். எல்லாரும் எனக்காக வந்தவர்கள். அப்பாவுக்கு என்று ஒருவரும் இல்லை. எங்கள் வீட்டிலிருந்து வழக்கமாக வரும் ஆள் அவர்தான், வலைக்குப் பின்னால் அந்த இடம் வெறுமையாக இருந்தது.

அவரைக் கொண்டுவந்து புள்ளியில் நிறுத்தினார்கள். கோட்டு சூட்டுப் போட்டிருந்தார். பையை நெஞ்சோடு அணைத்திருந்தார். நடுவர் அவருடைய சப்பாத்தைக் குனிந்து பார்த்தார், இந்த முறை சரியான இடத்தில் இருந்தது. அப்பா என்னைப் பார்த்து வலது உள்ளங்கையை ஒருமுறை விரித்துக் காட்டினார். நான் கண்ணால் ஓம் என்றேன்.

விசில் ஊதினார்கள்.

நான் இடது கம்பத்துக்குப் புறப்பட்டேன். நல்லவேளையாக பஸ் நின்றது. ஏறினேன். கமராவுக்குச் சந்தேகம் வரக் கூடாது என்று கையை விரித்தபடியே உட்கார்ந்திருந்தேன். இரண்டு தரிப்பு. மனம் இலேசாக இருந்தது. அப்பா இப்போது மற்றப் பக்கத்தால் உள்ளே போயிருப்பார், வலை அவருடைய மூக்குக் கண்ணாடியில் சிக்காமல் இருக்கவேண்டும் என்று நினைத்தேன்.

இடது கம்பத்தடியில் இறங்கித் திரும்பினேன். அப்பா எனக்கு நேரே ஓடி வந்துகொண்டிருந்தார்.

அவர் ஓடி நான் பார்த்ததே இல்லை. அறுபத்தைந்து வயது. வாய் திறந்திருந்தது. கோட்டு பின்னால் பறந்தது. வலக்கையை முன்னால் நீட்டி, அந்தக் கை காட்டும் வழியே வந்தார். கண்ணை இறுக மூடியிருந்தார்.

விலகியிருக்கலாம். கால் வழுக்கியது போல விழுந்திருக்கலாம். அதெல்லாம் பிறகு யோசித்தது. பத்தொன்பது ஆண்டாக என்னை நோக்கி வந்த எல்லாவற்றுக்கும் இந்தக் கைகள் செய்ததையே அன்றும் செய்தன. பாய்ந்தேன். மார்போடு சேர்த்துப் பிடித்தேன். இருவருமாகச் சேற்றில் விழுந்தோம். கோடு எனக்குப் பின்னால் ஒரு சாண் தூரத்தில் இருந்தது.

நாற்பதாயிரம் பேரும் எழுந்து நின்றார்கள். என் வாழ்க்கையில் நான் பிடித்த மிக நல்ல பிடி அதுதான். தொழில் தெரிந்தவள் என்ற முறையில் சொல்கிறேன்.

காப்பாளர் எட்டு விநாடிக்கு மேல் கையில் வைத்திருக்கக் கூடாது. நடுவர் எண்ணத் தொடங்கினார்.

அப்பா கண்ணைத் திறந்தார். "வலப்பக்கம் எண்டுதானே சொன்னனி?"

"ஓம் அப்பா."

"அப்ப ஏன் பிள்ளை நீ இஞ்சை நிக்கிறாய்?"

"இது என்ரை இடப்பக்கம்."

அவர் உள்ளங்கையைப் பார்த்தார். மழையில் எழுத்து கலைந்திருந்தது. எனக்கு அப்போதுதான் விளங்கியது. பத்தொன்பது ஆண்டும் அவர் என் முதுகுக்குப் பின்னால்தான் நின்றார். அவருடைய வலமும் என்னுடைய வலமும் ஒன்றாகவே இருந்தன. நாங்கள் நேருக்கு நேர் நின்றது இதுதான் முதல் தடவை.

"நல்லாத்தான் பிடிக்கிறாய்" என்றார். "நான் பாத்ததில்லை."

நடுவர் ஆறாவது விரலை நீட்டினார்.

"விடு பிள்ளை."

விடவில்லை. ஏழு என்றார்கள். சின்ன வயதுக்குப் பிறகு நான் அப்பாவைக் கட்டிப் பிடித்ததில்லை, அவரில் காளான் மணம் இருந்தது, பாரமே இல்லை. எட்டுக்கு முன் கைகள் தாமாகத் திறந்தன. அதையும் அவை பத்தொன்பது ஆண்டாகச் செய்கின்றன. அவற்றை வெட்டி எறியவேண்டும் போல இருந்தது.

அப்பா எழுந்து பையில் ஒட்டிய சேற்றைத் தட்டினார். நடுக்கோட்டுக்கு அந்தப் பக்கம் ஒரு கதவைத் திறந்து வைத்திருந்தார்கள். அதற்குள் வெயில் அடித்தது. மேலே எங்கேயோ இயந்திரச் சத்தம் கேட்டது.

அவர் போகும்போது திரும்பிப் பார்த்து, "போட்டு வாறன்" என்றார்.

கதவு சாத்தப்பட்டது.

திருமதி ஹூக்ஸ்ட்ரா குடையும் குறிப்புக் கொப்பியுமாக மைதானத்துக்குள் வந்தார். கந்தோருக்கு வெளியே அவர் டச்சு மட்டும்தான் பேசுவார்.

"கடைசியாக அவர் என்ன சொன்னார்?"

"போய்விட்டு வருகிறேன் என்றார்."

"வருகிறேன் என்றா?"

"விடைபெறும்போது நாங்கள் அப்படித்தான் சொல்வோம்."

"அப்படியானால் போகிறேன் என்று எழுதவா?"

போறன் என்று எங்கள் வீட்டில் யாரும் சொல்வதில்லை. அம்மா மட்டும் ஆசுபத்திரியில் ஒருதரம் சொன்னார், அதோடு சரி.

"இல்லை" என்றேன். "வருவார். வருகிறேன் என்றுதான் சொன்னார்."

அவர் அதை அப்படியே எழுதினார். அப்பா மீண்டும் நுழைய முயல்வார் என்று அதற்கு அர்த்தம். ஆகவே கோலைக் காலியாக விடமுடியாது. என் ஒப்பந்தத்தை அவர் வரும் நாள் வரை நீட்டித்தார்கள். சனம் கைதட்டிவிட்டுக் கலைந்தது.

அன்றிலிருந்து நிற்கிறேன். மற்ற அணி வருவதில்லை. பந்தும் இல்லை. பஸ் வருகிறது, கதவைத் திறக்கிறது, கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுப் போகிறது.

திங்கட்கிழமைகளில் கந்தோரிலிருந்து ஒரு படிவம் கொண்டுவருகிறார்கள். ஒரே ஒரு வரிதான். மேற்படி நபர் இனி வரமாட்டார். கீழே கையெழுத்துப் போட்டால் நான் வீட்டுக்குப் போகலாம். ஓய்வூதியமும் உண்டு. நான் படிவத்தை வாங்கிப் படித்துவிட்டுத் திருப்பிக் கொடுக்கிறேன். கையுறையோடு பேனா பிடிக்க முடியாது என்று சொல்கிறேன். கழற்றுங்களேன் என்கிறார்கள். மட்ச் இன்னும் முடியவில்லை என்கிறேன்.