தாளில் இல்லாத குரல்

பார்சலோனாவில் இயக்குநர் ரெமெய் என்றால் பெண்களின் ஆசையைப் பெண்ணே படமாக எடுக்கிறாள் என்று அர்த்தம். அவள் செட்டில் கேமரா முதல் விளக்கு வரை எல்லாரும் பெண்கள்தான். ரெமெய் எழுதிய ஒப்பந்தத் தாளில், நடிப்பவள் தனக்கு எது சம்மதம், எது வேண்டாம் என்று குறித்துக் கையெழுத்திடுவாள். எடிட்டிங் முடிந்ததும் வந்து உட்கார்ந்து, தான் வரும் எந்தக் காட்சியையும் நீக்கச் சொல்லலாம் என்றும் அதில் இருக்கும். நான் மறுபேச்சில்லாமல் நீக்குவேன். இந்த விதியைச் சொல்லியே ரெமெய் ஊர் ஊராகக் கைதட்டல் வாங்கினாள். எடிட்டரான எனக்கும் அதில் பெருமைதான்.

ஒருநாள் கட்டில் காட்சியின் நடுவில் நடிகை இட்சியார் "போதும்" என்றாள். கேமரா உடனே நின்றது. அவள் போர்வையைப் போர்த்திக்கொண்டு விம்மினாள்.

"ஆறு வாரம் ஆச்சு, கருவைக் கலைச்சு. எனேகோ குழந்தை குழந்தைன்னு உருகுறான். அவன்கிட்ட எப்படிச் சொல்வேன்?"

எனேகோ அவளோடு வாழ்பவன். கட்டிலுக்கு மேலே தொங்கிய மைக்கை யாரும் அணைக்கவில்லை.

எடிட்டிங் அறையில் அதைக் கேட்டதும் ரெமெய்க்கு முகம் மலர்ந்தது. "இதுதான்டி பொண்ணோட கதை! வசனம் எழுதிக் கொடுத்தா இப்படி அழுவாளா? இந்த அழுகையைக் காட்சி மேல போடு." போட்டேன்.

விதிப்படி இட்சியார் பார்க்க வந்தாள். முகம் வெளுத்துப்போனது.

"அந்த அழுகையை எடுத்துடு, மெரித்செல்."

நான் வாய் திறக்குமுன் ரெமெய் சொன்னாள்: "தாள்ல காட்சியை நீக்கலாம்னுதான் இருக்கு, செல்லம். குரலைப் பத்தி ஒண்ணும் இல்லையே."

"நீ எழுதின தாள்தானே அது!"

"நீ கையெழுத்துப் போட்டது."

இட்சியார் என்னைப் பார்த்தாள். நான் திரையைப் பார்த்துக்கொண்டேன்.

"சரி. என்னோட எல்லாக் காட்சியையும் எடு. ஒரு விரல்கூட மிஞ்சக் கூடாது. படமே இல்லாம எதைக் காட்டுவீங்கன்னு பாக்குறேன்."

ஜெயித்துவிட்டாள் என்றே நினைத்தேன். உள்ளூர சந்தோஷமாகக்கூட இருந்தது. ரெமெய் சண்டை போடவில்லை. "உன் உரிமை" என்று அவள் இரு கன்னத்திலும் முத்தமிட்டு வழியனுப்பினாள். பிறகு கதவைச் சாத்தினாள்.

"திரையைக் கறுப்பா விடு. குரல் மட்டும் ஓடட்டும்."

முடியாது என்று சொல்லியிருக்கலாம். திரைப்பட விழா நெருங்கிக்கொண்டிருந்தது, என் பெயரும் திரையில் வரும். அந்த ஆசையில்தான் செய்தேன், வேறு சாக்குச் சொல்ல மாட்டேன்.

எட்டு நிமிட இருட்டு. பெண் உடலைக் காட்ட மறுத்த துணிச்சலான படம் என்று விமர்சகர்கள் எழுதினார்கள். விழாவில் எடிட்டிங்குக்கு விருது கொடுத்தார்கள். மேடையேறி வாங்கினேன், எங்கள் விதியைப் பற்றியும் பேசினேன்.

மறுநாள் காலை இட்சியார் போன் செய்தாள். குரலில் கோபமே இல்லை.

"விருதுச் செய்தியோட அந்த அழுகையை ரேடியோல போட்டாங்க. எனேகோ தட்டு கழுவிட்டிருந்தான்."

"என்ன சொன்னான்?"

"கையைத் துடைச்சிட்டு, ரேடியோ சத்தத்தைக் கூட்டி வச்சான்."